சேவலா, அரிக்கேன் விளக்கா?

1993 ஜூன் 14 அன்று ஆப்பிரிக்க நாடான மலாவியின் மக்களிடம் ஒரே ஒரு கேள்வி கேட்கப்பட்டது. இப்போது இருக்கிற ஒற்றைக் கட்சி ஆட்சியே தொடரட்டுமா, பல கட்சிகள் வரட்டுமா? எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் ஏராளமாக இருந்த நாடு என்பதால் சின்னங்கள் கொடுத்தார்கள். ஒற்றைக் கட்சிக்குச் சேவல், பல கட்சிகளுக்கு அரிக்கேன் விளக்கு. சேவல் ஆளும் மலாவி காங்கிரஸ் கட்சியின் சொந்தச் சின்னம். முப்பது வருடமாக நாடெங்கும் அதுதான் நின்றுகொண்டிருந்தது. அரிக்கேன் விளக்கை யாரும் அரசியலில் பார்த்ததில்லை, அவரவர் வீட்டில்தான் பார்த்திருந்தார்கள்.

இரண்டு தரப்புக்கும் தனித்தனி வாக்குப்பெட்டி வைக்கத்தான் அரசு முதலில் நினைத்தது. யார் எந்தப் பெட்டிப் பக்கம் போகிறார் என்று பார்க்க ஆள் நிறுத்துவது எவ்வளவு சுலபம் என்று யோசித்துப் பாருங்கள். ஐக்கிய நாடுகள் சபை தலையிட்டது. ஒரே பெட்டி என்று முடிவானது, தேதியும் மார்ச்சிலிருந்து ஜூனுக்குத் தள்ளிப்போனது. எண்ணி முடித்தபோது நூற்றுக்கு 63 பேருக்கு மேல் விளக்கின் பக்கம் நின்றார்கள்.

ஆப்பிரிக்க ஜனநாயகம் பற்றி எழுதுகிறவர்கள் பலர் இந்த இடத்தில் கைதட்டிவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். மலாவியை நான் விடாமல் படிக்க ஆரம்பித்ததே அதற்கப்புறம் நடந்தவற்றுக்காகத்தான். 1994-ல் ஆட்சி மாறியது உண்மை. ஆனால் ஒற்றைக் கட்சிக் காலத்திலிருந்து அந்த நாடு வெளியே வந்ததா என்று கேட்டால், 2020 வரைக்குமாவது 'வந்துகொண்டிருந்தது' என்றுதான் சொல்வேன்.

முதலில் எதிலிருந்து வெளியே வர வேண்டியிருந்தது என்பதைச் சொல்லியாக வேண்டும். 1964 ஜூலை 6 அன்று பிரிட்டனிடமிருந்து விடுதலை. ஹேஸ்டிங்ஸ் கமுசு பாண்டா பிரதமர். நாற்பது வருடத்துக்கு மேல் வெளிநாட்டில் இருந்து, அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் படித்து, மருத்துவராக வேலை பார்த்துவிட்டு 1958-ல் ஊர் திரும்பியவர். மூன்று துண்டு கோட்டு சூட்டு, தலையில் ஹோம்பர்க் தொப்பி, கையில் சாமரம். பொதுக்கூட்டங்களில் ஆங்கிலத்தில்தான் பேசுவார், பக்கத்தில் நிற்கிறவர் உள்ளூர் மொழியான சிச்சேவாவில் சொல்வார். விடுதலை கிடைத்துச் சில வாரங்களிலேயே அமைச்சரவை உடைந்தது. தன்னை எதிர்த்துப் பேசிய அமைச்சர்களில் சிலரை அவரே விலக்கினார், சிலர் தாமே விலகினார்கள். பெரும்பாலோர் நாட்டைவிட்டே ஓட வேண்டியதாயிற்று. விடுதலைக்குப் போராடிய அந்தத் தலைமுறை இரண்டு மாதத்தில் காலி. 1966-ல் குடியரசு, சட்டப்படி ஒரே கட்சி. 1971-ல் பாண்டா ஆயுட்கால அதிபர்.

மலாவியின் ஒற்றைக் கட்சி ஆட்சி என்றால் என்னவென்று புரிந்துகொள்ளக் கட்சி அட்டை ஒன்று போதும். வருடா வருடம் காசு கொடுத்து வாங்க வேண்டும். சந்தை வாசலிலும் பேருந்து நிலையத்திலும் கட்சியின் இளைஞர் படை நின்று அட்டை கேட்கும். இல்லையென்றால் சந்தைக்குள் போக முடியாது, பேருந்தில் ஏற முடியாது. வயிற்றில் இருக்கும் குழந்தைக்கும் சேர்த்து அட்டை வாங்கக் கர்ப்பிணிகளைக் கட்டாயப்படுத்தியதாக அந்தக் காலத்து மனித உரிமை அறிக்கைகள் சொல்கின்றன. யெகோவா சாட்சிகள் எந்தக் கட்சியிலும் சேரக்கூடாது என்பது தங்கள் மதக் கொள்கை என்றார்கள், அட்டை வாங்க மறுத்தார்கள். 1967-ல் அந்தப் பிரிவே தடை செய்யப்பட்டது. அடியும் தீவைப்பும் தாங்காமல் 1972-ல் ஆயிரக்கணக்கானவர்கள் எல்லை தாண்டி ஓடினார்கள்.

மற்றதெல்லாம் இந்த அட்டையின் விரிவுதான். பெண்கள் கால்சட்டை அணியக்கூடாது, முழங்கால் தெரியும் பாவாடை கூடாது, ஆண்கள் முடி வளர்க்கக்கூடாது. வடக்கே பேசப்படும் தும்புக்கா மொழிக்கு 1968-லிருந்து வானொலியில் இடமில்லை, பள்ளியில் இடமில்லை. தொலைக்காட்சி நாட்டுக்குள் வந்ததே 1999-ல்தான். புகையிலைத் தோட்டம் முதல் கடைகள் வரை வைத்திருந்த பிரஸ் ஹோல்டிங்ஸ் நிறுவனம் நடைமுறையில் அதிபரின் சொத்து. 'ஒற்றுமை, விசுவாசம், கீழ்ப்படிதல், ஒழுக்கம்' என்ற நான்கும் கட்சியின் மூலைக்கற்கள், பள்ளிக் குழந்தைகள் ஒப்பிப்பார்கள். நான்கில் இரண்டு ஒரே சங்கதியைத்தான் சொல்கின்றன என்று எனக்குத் தோன்றும். அதை அங்கே யாரும் உரக்கச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

சொன்னவர்களுக்கு என்ன நடக்கும் என்பதற்கு இரண்டு உதாரணங்கள். ஓர்ட்டன் சிர்வா நாட்டின் முதல் சட்ட அமைச்சர். அவர் மனைவி வேரா சிர்வா நாட்டின் முதல் பெண் வழக்கறிஞர். ஸாம்பியாவில் அடைக்கலம் தேடியிருந்த இருவரையும் 1981 இறுதியில் கடத்திக்கொண்டு வந்து, தேசத்துரோக வழக்கில் மரண தண்டனை விதித்தார்கள். பிறகு அது ஆயுள் தண்டனையாகக் குறைந்தது. கணவரும் மனைவியும் ஒரே சிறையில், ஒருவரை ஒருவர் பார்க்க முடியாத நிலையில் வருடக்கணக்காக இருந்தார்கள். ஓர்ட்டன் 1992 அக்டோபரில் ஜோம்பா சிறையிலேயே இறந்தார். வேரா மூன்று மாதம் கழித்து விடுதலையானார்.

இன்னொன்று ம்வான்சா. 1983 மே மாதம் டிக் மட்டென்ஜே உட்பட மூன்று அமைச்சர்களும் ஒரு நாடாளுமன்ற உறுப்பினரும் ம்வான்சா அருகே கார் விபத்தில் இறந்ததாக அரசு அறிவித்தது. மட்டென்ஜே ஆளும் கட்சியின் பொதுச் செயலாளர். அதாவது கலகக்காரர் இல்லை, கட்சிக்குள்ளேயே உச்சத்தில் இருந்தவர். அது விபத்தில்லை, போலீஸ்காரர்கள் கொன்றுவிட்டு விபத்தாகக் காட்டினார்கள் என்று விசாரணைக் குழு ஒன்று சொல்வதற்குப் பன்னிரண்டு வருடம் ஆயிற்று.

இப்படிப்பட்ட ஆட்சியை எதிர்க்க முதலில் எழுந்தது எதிர்க்கட்சி இல்லை, ஏனென்றால் எதிர்க்கட்சி என்று ஒன்று இல்லை. 1992 மார்ச் 8, ஞாயிற்றுக்கிழமை. தவக்காலத்தின் முதல் ஞாயிறு. நாட்டின் கத்தோலிக்க ஆயர்கள் ஏழு பேர் கையெழுத்திட்ட ஒரு மடல் எல்லாக் கத்தோலிக்கக் கோயில்களிலும் ஒரே நாளில் வாசிக்கப்பட்டது. இன்று படித்தால் அதில் சூடே இல்லை என்று தோன்றும். பள்ளிகளில் இடமில்லை, மருத்துவமனைகளில் மருந்தில்லை, பணக்காரர் ஏழை இடைவெளி பெருகுகிறது, மனதில் பட்டதைச் சொல்ல மக்கள் பயப்படுகிறார்கள், விசாரணையில்லாமல் ஆட்களை அடைத்துவைப்பது தவறு. அவ்வளவுதான். ஆனால் மக்கள் கூடியிருக்கும் இடத்தில், உரத்த குரலில், அதுவும் சொன்னவர் பெயரோடு இதையெல்லாம் கேட்டு அந்த நாட்டுக்கு ஒரு தலைமுறை ஆகியிருந்தது.

அரசு பதறியது. ஆயர்களை அழைத்து விசாரித்தது, மடலை வைத்திருப்பதே குற்றம் என்றது. கையெழுத்திட்டவர்களில் அயர்லாந்தில் பிறந்த ஒருவரை நாட்டைவிட்டு வெளியேற்றியது. ஆயர்களைக் கொன்றுவிட்டால் வேலை முடிந்தது என்ற தோரணையில் கட்சிக்காரர்கள் கூட்டத்தில் பேசிய ஒலிப்பதிவு கசிந்து வெளிநாட்டு வானொலி வரை போனது. ஜோம்பாவில் மாணவர்கள் ஊர்வலம் போனார்கள். தடை செய்த செய்திகள் ஃபேக்ஸ் இயந்திரம் வழியாக அலுவலகத்திலிருந்து அலுவலகத்துக்குப் பரவின. பத்திரிகையைத் தணிக்கை செய்யத் தெரிந்த அரசுக்குத் தொலைபேசிக் கம்பி வழியே வந்து விழும் காகிதத்தை என்ன செய்வதென்று தெரியவில்லை.

ஏப்ரலில் தொழிற்சங்கத் தலைவர் சக்குஃப்வா சிஹானா லிலோங்வே விமான நிலையத்தில் வந்து இறங்கினார், ஓர் அறிக்கையைப் படிக்க ஆரம்பித்தார், அங்கேயே கைதானார். மே மாதம் ப்ளான்டயர் நகரில் துணி ஆலைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்க, அது கலவரமானது. போலீஸ் சுட்டதில் நாற்பது பேரளவில் செத்தார்கள். அதே மாதம் உதவி நாடுகள் மனிதாபிமான உதவி தவிர மற்ற நிதியை நிறுத்திவைத்தன.

இந்த உதவி நாடுகளைப் பற்றி ஒரு வார்த்தை. சோவியத் ஒன்றியம் இருந்தவரை பாண்டா மேற்கின் நல்ல நண்பர். கறுப்பு ஆப்பிரிக்கத் தலைவர்களில் நிறவெறி தென்னாப்பிரிக்காவுடன் முழுத் தூதரக உறவு வைத்தவர் அவர்தான், 1967-லேயே. லிலோங்வேயில் புதிய தலைநகரம் எழுந்ததே தென்னாப்பிரிக்கக் கடனில். சிர்வா தம்பதியைக் கடத்தியபோதும் நால்வர் ம்வான்சாவில் இறந்தபோதும் நிற்காத பணம், பனிப்போர் முடிந்ததும் நின்றது. மலாவி ஜனநாயகத்தில் மேற்கத்திய நாடுகளின் பங்கைப் பெரிதாகச் சொல்கிறவர்கள் இந்த வரிசையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

மலாவிக்காரர்கள் ஒற்றைக் கட்சியைத்தான் விரும்புகிறார்கள், வாக்கெடுப்பு வைத்துக் காட்டுகிறேன் என்று பாண்டா 1992 அக்டோபரில் அறிவித்தார். உண்மையாகவே அப்படி நம்பினார் என்றுதான் நினைக்கிறேன். முப்பது வருடம் தன் முன்னே ஆடிப்பாடும் கூட்டத்தை மட்டுமே பார்த்தவருக்கு வேறென்ன தோன்றும்? சிஹானாவைச் சிறையிலிருந்து விட்டதே வாக்கெடுப்புக்கு இரண்டு நாள் முன்புதான். முடிவு வந்தது. தெற்கும் வடக்கும் விளக்கின் பக்கம் அலையாகப் போயின. பாண்டாவின் சொந்தப் பகுதியான மத்திய மலாவி சேவலோடேயே நின்றது. இந்தப் பிளவை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், முப்பது வருட அரசியல் இதன் மேல்தான் ஓடியது.

அடுத்து நடந்தது ஜனநாயகப் பாடப்புத்தகத்தில் எழுத முடியாத ஒன்று. மலாவி இளம் முன்னோடிகள் என்று கட்சிக்கு ஒரு துணைப்படை இருந்தது. விவசாயப் பயிற்சிக்காகத் தொடங்கியதாகச் சொல்வார்கள், ஆனால் கையில் துப்பாக்கி இருந்தது. போலீசும் அவர்களைத் தொடத் தயங்கும். அவர்கள் ஆயுதத்தோடு இருக்கும்போது தேர்தல் எப்படி நடக்கும்? 1993 டிசம்பரில் வடக்கே ம்சூசு நகர மதுக்கடைத் தகராறு ஒன்றில் அவர்கள் ராணுவ வீரர்களைச் சுட்டுக் கொன்றார்கள். ராணுவம் பொங்கி எழுந்து, நாடு முழுக்க அவர்களின் முகாம்களைத் தாக்கி, ஆயுதங்களைப் பறித்தது. 'ஆபரேஷன் ப்வெசானி' என்று பெயர். கீழ்மட்ட வீரர்களின் கோபம்தான் அதை ஓட்டியது. பாண்டா அப்போது மூளை அறுவை சிகிச்சைக்குப் பின் தேறிக்கொண்டிருந்தார். சட்டப்படி பார்த்தால் அது கிட்டத்தட்டக் கலகம். ஆனால் அது நடக்காமல் 1994 தேர்தல் ஒழுங்காக நடந்திருக்கும் என்று என்னால் நம்ப முடியவில்லை. அதைவிட ஆச்சரியம், ஆயுதத்தைப் பறித்த ராணுவம் ஆட்சியைப் பறிக்காமல் முகாமுக்குத் திரும்பிவிட்டது.

1994 மே 17. பகிலி முலுசிக்கு 47 சதவீதம், பாண்டாவுக்கு 33, சிஹானாவுக்கு 19. தெற்கு, மத்தி, வடக்கு என்று மூன்று பகுதிகளும் அவரவர் ஆளுக்கு வாக்களித்திருந்தன. பாண்டா தோல்வியை ஒப்புக்கொண்டார். வயது தொண்ணூறைத் தாண்டியிருக்கும். அவர் பிறந்த வருடம் எதுவென்பதே கடைசிவரை தீராத தகராறு.

முலுசி யார்? பாண்டாவின் கட்சியில் முன்னாள் பொதுச் செயலாளர், முன்னாள் அமைச்சர். மலாவிக் கதையில் எனக்கு மிகவும் பிடித்ததும் மிகவும் உறுத்துவதும் இதுதான். முப்பது வருடம் ஒரே கட்சி மட்டும் இருந்த நாட்டில் அரசாங்கம் நடத்தத் தெரிந்தவர்கள் எல்லாரும் அந்தக் கட்சியில் இருந்தவர்கள்தான். வெளியிலிருந்து சுத்தமான ஆட்களைக் கொண்டுவரலாம் என்றால், சிலர் கல்லறையில், சிலர் வெளிநாட்டில் கிழடு தட்டிப்போய், சிலர் சிறையிலிருந்து நோயாளியாக வந்தவர்கள். எனவே பழைய கட்சிக்காரர்களே புதிய கட்சிப் பெயர்ப்பலகை மாட்டிக்கொண்டு வந்தார்கள். கூடவே பழைய பழக்கமும் வந்தது.

நல்லதும் நடந்தது. முலுசி அரசியல் கைதிகளை விடுவித்தார், பேர்போன சிறைகளை மூடினார், மரண தண்டனைகளைக் குறைத்தார். காசு பறித்த கட்சி அட்டை ஒழிந்தது, ஆடைச் சட்டம் போனது, தும்புக்கா வானொலிக்குத் திரும்பியது, பத்திரிகைகள் முளைத்தன. தொடக்கக் கல்வி இலவசம் என்றதும் சுமார் 19 லட்சமாக இருந்த மாணவர் எண்ணிக்கை ஒரே வருடத்தில் முப்பது லட்சத்தை நெருங்கியது. வாத்தியார்கள் இல்லை, வகுப்பறை இல்லை, மரத்தடியில் நூற்றுக்கு மேல் பிள்ளைகள். தரம் விழுந்தது என்று இன்றும் குறை சொல்கிறார்கள். அந்தக் குறையில் நியாயம் உண்டு. முன்பு பள்ளி வாசலையே மிதிக்காத பத்து லட்சம் குழந்தைகளையும் அந்தக் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

பழைய குற்றங்களுக்கு என்ன கணக்கு? உண்மை அறியும் ஆணையம் என்று தென்னாப்பிரிக்காவில் அமைத்ததுபோல் எதுவும் மலாவியில் அமைக்கவில்லை. ம்வான்சா கொலைக்காகப் பாண்டா மீதும் அவரது வலதுகரமாக இருந்த ஜான் டெம்போ மீதும் வழக்கு நடந்தது. 1995 டிசம்பரில் எல்லாரும் விடுதலை. உத்தரவு எங்கிருந்து வந்தது என்று நிரூபிக்க முடியவில்லை. 1996 ஜனவரியில் பாண்டா ஓர் அறிக்கை விட்டார். தன் பெயரைச் சொல்லி, தனக்குத் தெரியாமல் யாராவது யாருக்காவது துன்பம் தந்திருந்தால் அதற்கு வருந்துகிறேன் என்ற பாணியில் இருந்தது. மன்னிப்பு என்று சிலர் ஏற்றுக்கொண்டார்கள். எனக்கு அதில் 'இருந்தால்' மட்டும்தான் கேட்கிறது. நஷ்டஈடு தர ஒரு தீர்ப்பாயம் அமைந்தது. ஆயிரக்கணக்கில் மனுக்கள் குவிந்தன, பணம் போதவில்லை. 1997-ல் பாண்டா இறந்தபோது அரசு மரியாதையோடு அடக்கம். அப்புறம் பளிங்கு நினைவு மண்டபம் வந்தது. இப்போதும் மே 14 அவர் பெயரில் பொது விடுமுறை. சர்வாதிகாரி என்று தெரிந்தும் தேசத் தந்தை என்று கும்பிடுவது மலாவியில் முரண்பாடாக யாருக்கும் படுவதில்லை போலிருக்கிறது.

முலுசிக்கு இரண்டு தவணை முடியப்போனது. தொடர்ந்து இரண்டு தவணைக்குமேல் கூடாது என்பது புதிய அரசமைப்புச் சட்டத்தின் விதி. அதை எடுத்துவிட 2002 ஜூலையில் மசோதா வந்தது. கட்சியின் 'இளம் ஜனநாயகவாதிகள்' தெருவில் எதிர்ப்பாளர்களை அடித்தார்கள். பெயரில் மட்டும்தான் ஜனநாயகம், வேலையெல்லாம் பழைய இளம் முன்னோடிகளின் வேலை. அந்த வருடம் நாட்டில் பஞ்சம் வேறு, சேமிப்பு மக்காச்சோளம் விற்றுத் தீர்க்கப்பட்டிருந்தது. மூன்றில் இரண்டு பங்குக்கு மூன்று வாக்கு குறைந்து மசோதா தோற்றது. மூன்றே மூன்று. தேவாலயங்கள் மறுபடி கடிதம் எழுதியிருந்தன.

சரி, தான் நிற்க முடியாதென்றால் தன் ஆளை நிறுத்துவோம் என்று முலுசி பிங்கு வா முத்தாரிகாவைக் கொண்டுவந்தார். பிங்கு 2004-ல் 36 சதவீத வாக்கோடு ஜெயித்து, சில மாதத்திலேயே முலுசியின் கட்சியைவிட்டு விலகிச் சொந்தக் கட்சி ஆரம்பித்தார். முதல் தவணை நன்றாக ஓடியது. உர மானியத்தால் மக்காச்சோளம் கொழித்தது. இரண்டாம் தவணையில் பாண்டாவின் ஆவி இறங்கியது. தேசியக் கொடியில் உதிக்கும் சூரியன் இருந்தது. நாடு முன்னேறிவிட்டது, சூரியனும் உச்சிக்கு வரவேண்டும் என்று 2010-ல் கொடியையே மாற்றினார். எரிபொருளுக்கு வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்களா அழுதார்களா தெரியாது. 2011 ஜூலை 20 அன்று போராட்டங்களில் போலீஸ் சுட்டு இருபது பேரளவில் இறந்தார்கள்.

2012 ஏப்ரல் 5 அன்று பிங்கு மாரடைப்பில் இறந்தார். அந்த இரண்டு நாளும் திகில் கதைதான். அரசமைப்புப்படி துணை அதிபர் ஜாய்ஸ் பாண்டா பதவியேற்க வேண்டும். (முதல் அதிபருக்கு அவர் உறவில்லை, பெயர் மட்டும்தான் ஒன்று.) ஆனால் அவரைப் பிங்கு எப்போதோ கட்சியிலிருந்து நீக்கியிருந்தார். துணை அதிபர் அதிபரோடு சேர்ந்தே மக்களால் தேர்ந்தெடுக்கப்படுவதால், கட்சியிலிருந்து நீக்கலாமே தவிர பதவியிலிருந்து நீக்க முடியாது. மரணத்தை அறிவிக்காமலே உடலைத் தென்னாப்பிரிக்காவுக்கு அனுப்பினார்கள். கட்சியில் இல்லாதவர் அதிபராக முடியாது என்று அமைச்சர்கள் சிலர் நள்ளிரவில் செய்தியாளர்களைக் கூட்டிச் சொன்னார்கள். பிங்குவின் தம்பி பீட்டரை உட்கார வைக்கும் திட்டம் அது. ராணுவத் தளபதி ஹென்றி ஒடிலோ சட்டத்தின் பக்கம் நின்று, ஜாய்ஸ் பாண்டாவின் வீட்டுக்குப் பாதுகாப்புப் போட்டார். அத்தோடு திட்டம் கலைந்தது. ஏப்ரல் 7 அன்று பதவியேற்பு. கொடியில் சூரியன் மறுபடி உதிக்க ஆரம்பித்தது.

அதே ஜாய்ஸ் பாண்டா 2014-ல் தோற்கும் நிலை வந்ததும் தேர்தலே செல்லாது என்று அறிவித்தார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நீதிமன்றம் உடனே அதைத் தடுத்தது. சட்டம் காப்பாற்றியவர்கள் சட்டத்தைக் காப்பாற்றுவார்கள் என்று எந்த உத்தரவாதமும் இல்லை.

ஜெயித்தது பீட்டர் முத்தாரிகா, 36 சதவீதத்தோடு. அண்ணனுக்கும் அதே 36. காரணம் எளிது: அதிக வாக்கு வாங்கியவர் அதிபர், பாதியைத் தாண்ட வேண்டியதில்லை என்றுதான் நீதிமன்றங்கள் அரசமைப்புச் சட்டத்துக்குப் பொருள் கொண்டிருந்தன. மூன்று பகுதியாகப் பிரிந்த நாட்டில் தன் பகுதியை மட்டும் இறுகப் பிடித்துக்கொண்டால் போதும், மற்ற இரண்டு பகுதியையும் ஏறெடுத்தும் பார்க்க வேண்டாம்.

இனி 2019. மே 21 தேர்தலில் பீட்டர் முத்தாரிகாவுக்கு 38.57, எதிர்க்கட்சித் தலைவர் லாசரஸ் சக்வேராவுக்கு 35.41, துணை அதிபராக இருந்துகொண்டே எதிர்த்து நின்ற சௌலோஸ் சிலிமாவுக்கு 20.24 சதவீதம். முடிவுத் தாள்கள் பலவற்றில் எண்களை வெள்ளைத் திருத்த மையால் அழித்து எழுதியிருந்தார்கள். அந்த மையின் பெயரால் டிப்பெக்ஸ் தேர்தல் என்றே பெயர் நிலைத்துவிட்டது. தேர்தல் ஆணையத் தலைவர் ஜேன் அன்சா, தானே ஒரு நீதிபதி, பதவி விலக வேண்டும் என்று மாதக்கணக்கில் ஊர்வலங்கள் நடந்தன. பல இடங்களில் போராட்டக்காரர்களுக்கும் போலீசுக்கும் நடுவே ராணுவம் நின்றது.

வழக்கு ஐந்து நீதிபதிகள் முன் மாதக்கணக்கில் நடந்தது. விசாரணை வானொலியில் நேரலையாக ஒலிபரப்பானது. மினிபஸ்களிலும் சந்தைகளிலும் மக்கள் காது கொடுத்துக் கேட்டார்கள். முப்பது வருடம் முன்பு கட்சி அட்டை காட்டி நுழைந்த அதே சந்தைகளில், ஒரு தேர்தல் அதிகாரி குறுக்கு விசாரணையில் திணறுவதைக் கேட்டுக்கொண்டே காய்கறி விற்றார்கள். மலாவியில் என்ன மாறியது என்று கேட்டால் நான் முதலில் இதைத்தான் காட்டுவேன். இடையில் நீதிபதிகளுக்கு லஞ்சம் கொடுக்க ஒரு பெரும் வங்கி முதலாளி முயன்றார். நீதிபதிகள் புகார் கொடுத்தார்கள், பின்னால் அவருக்குத் தண்டனை கிடைத்தது.

2020 பிப்ரவரி 3 அன்று குண்டு துளைக்காத அங்கிகளோடு ராணுவப் பாதுகாப்பில் நீதிமன்றம் வந்தார்கள் ஐந்து பேரும். ஐந்நூறு பக்கத் தீர்ப்பைப் பத்து மணி நேரம் வாசித்தார்கள். முறைகேடுகள் பரவலானவை, திட்டமிட்ட வகையிலானவை, கடுமையானவை, எனவே தேர்தல் செல்லாது. இனிமேல் பாதிக்கு ஒரு வாக்காவது கூடுதலாக வாங்கினால்தான் அதிபர். ஆப்பிரிக்காவில் அதிபர் தேர்தலை நீதிமன்றம் ரத்து செய்தது அதற்கு முன் கென்யாவில் 2017-ல் நடந்தது, ஆனால் அங்கே மறுதேர்தலை எதிர்க்கட்சி புறக்கணித்தது.

ஆட்சியாளர்கள் சும்மா இருக்கவில்லை. மார்ச்சில் ராணுவத் தளபதி மாற்றப்பட்டார். ஜூனில், தேர்தலுக்குச் சில நாள் இருக்கும்போது, தலைமை நீதிபதியைக் கட்டாய விடுப்பில் அனுப்ப அரசு முயன்றது. வழக்கறிஞர்கள் கறுப்பு அங்கியோடு தெருவில் இறங்கினார்கள். நீதிமன்றம் அதையும் தடுத்தது. ஜூன் 23 அன்று மறுதேர்தல். கொரோனா காலம் என்பதால் வெளிநாட்டுப் பார்வையாளர்கள் கிட்டத்தட்ட யாரும் இல்லை, உள்ளூர் ஆட்களே நடத்தி முடித்தார்கள். பாதிக்குமேல் வேண்டும் என்ற விதி வந்ததால் சக்வேராவும் சிலிமாவும் ஒன்பது கட்சிக் கூட்டணி போட வேண்டியதாயிற்று, பகுதி தாண்டி வாக்குக் கேட்க வேண்டியதாயிற்று. சக்வேரா 59 சதவீதத்தில் ஜெயித்தார்.

சக்வேராவின் கட்சி எது தெரியுமா? மலாவி காங்கிரஸ். சேவல் சின்னம்.

இதை முதலில் படித்தபோது எனக்கு ஒரு மாதிரியாகத்தான் இருந்தது. அட்டை கேட்ட கட்சி, ஆயர்களைக் கொல்லப் பேசிய கட்சி, ஜனநாயகத்தைக் காப்பாற்றிய கட்சியாகத் திரும்பி வருவதா? யோசித்துப் பார்த்தால் வேறு வழியில் இது முடிந்திருக்காது. தோற்ற கட்சியை 1994-ல் தடை செய்யவில்லை. இருபத்தாறு வருடம் எதிர்க்கட்சி நாற்காலியில் உட்கார வைத்தார்கள். தலைமைக்கு அரசியலே தெரியாத ஒரு பாதிரியார் வரும் அளவுக்கு அது தேய்ந்து மாறியது. சக்வேரா பல வருடம் ஒரு பெந்தெகொஸ்தே சபையின் தலைவராக இருந்தவர். கட்சி திருந்தியதா என்று உறுதியாகச் சொல்ல மாட்டேன். திருந்தாமலே இருந்திருந்தாலும் அது சந்திக்க வேண்டிய நீதிமன்றமும் ராணுவமும் 1983-ல் இருந்தவை இல்லை.

ஆட்சி? சுமார்தான். விலைவாசி ஏறியது, நாட்டு நாணயமான குவாச்சாவின் மதிப்பு விழுந்தது, டாலர் இல்லாமல் பெட்ரோலுக்கு வரிசை. 2024 ஜூனில் சிலிமா விமான விபத்தில் இறந்தார், கூட்டணியும் சிதறியது. 2025 செப்டம்பர் 16 தேர்தலில் 85 வயது பீட்டர் முத்தாரிகா சுமார் 57 சதவீத வாக்கோடு திரும்பி வந்தார். சக்வேராவுக்கு 33. முடிவை அறிவிப்பதற்கு முன்பே சக்வேரா முத்தாரிகாவை வாழ்த்திவிட்டு, தோல்வியை ஒப்புக்கொண்டு தொலைக்காட்சியில் பேசினார்.

முத்தாரிகாவோடு துணை அதிபராக வந்திருப்பவர் ஜேன் அன்சா. ஆம், டிப்பெக்ஸ் தேர்தலை நடத்திய அதே ஆணையத் தலைவர். இதைச் சொன்னால் கேட்பவர்கள் "பாருங்கள், ஒன்றும் மாறவில்லை" என்பார்கள். நான் அப்படிப் பார்க்கவில்லை. ஐந்து வருடம் முன்பு தெருவில் நின்று அவரைப் போகச் சொன்ன அதே மக்கள், எல்லாம் தெரிந்தே, மக்காச்சோள விலையையும் பெட்ரோல் வரிசையையும் பார்த்து முடிவெடுத்திருக்கிறார்கள். எனக்கு அந்தத் தேர்வு பிடிக்கவில்லை. 2020-ல் அதிபரைத் தடுத்த நீதிபதிகளையும் தளபதிகளையும் இந்த ஆட்சி எப்படி நடத்தப்போகிறது என்பதைத்தான் இப்போது கவனித்துக்கொண்டிருக்கிறேன். அடுத்த தலைமை நீதிபதி நியமனம், அடுத்த தேர்தல் ஆணையம், பாதிக்குமேல் விதியை மாற்ற யாராவது மசோதா கொண்டுவருகிறார்களா என்பது. 2002-ல் மூன்று வாக்கில் தப்பித்த நாடு அது.